வளிமுகம்: காற்று செதுக்கிய நகரத்துக்கு முதுகு எந்தப் பக்கம்?

ஜூலை 6, காலை. பாம்பிளேமூஸ், மொரீஷியஸ்

கற்பனை நகரம் ஒன்றுக்கு வரைபடம் போடுகிறேன். பெயர் வளிமுகம். நம் மொரீஷியஸைப் போலத் தெற்கு அரைக்கோளத்தில் ஒரு தீவு. வருடத்தில் 11 மாதம் தென்கிழக்கிலிருந்து ஒரே சீராகக் காற்று, நொடிக்கு 9 மீட்டர். நான் முடிவு செய்தவை இவை. தெருக்கள் எல்லாம் காற்றோடு நேர்கோட்டில் போகும், அப்போதுதான் காற்று முட்டாமல் வெளியேறும். வீடுகள் மீன் வடிவில், மூக்கு தென்கிழக்கைப் பார்த்து. துறைமுகம் தென்கிழக்கில், பாய்மரங்கள் காற்றோடு வந்து சேர வசதியாக. காற்றுகளுக்கு நம் பழைய பெயர்களே: வாடை, தென்றல், கொண்டல், கோடை. கருங்கல், சுண்ணாம்பு, மரம், கயிறு, கொல்லன் அடிக்கும் இரும்பு, பித்தளை உண்டு. சிமெண்ட் கிடையாது. எது நிற்கும், எது விழும்?

ஜூலை 6, இரவு. கியூர்ப்பிப், மொரீஷியஸ்

துறைமுகத்தை முதலில் மாற்றுங்கள் தம்பி. மற்றதெல்லாம் அதற்குப் பிறகுதான்.

காற்று கரையை நோக்கி அடிக்கும் பக்கத்தில் கப்பல் நுழைவது எளிது, வெளியேறுவதுதான் பாடு. சதுரப் பாய் கட்டிய கப்பல் காற்று வரும் திசைக்கு ஏறக்குறைய 65, 70 பாகைக்கு மேல் நெருங்கிப் போக முடியாது. குறுகலான பவளப்பாறை வாய்க்குள்ளிருந்து நேர் எதிர்காற்றில் வெளியே வருவதற்கு, காற்று தணியும் வரை நாட்கணக்கில் நங்கூரத்தில் கிடக்க வேண்டும். நங்கூரம் இழுத்துக்கொண்டால் போகிற இடம் கரைப்பாறை. டச்சுக்காரர்கள் 1598-இல் வந்து இறங்கியது தென்கிழக்கு விரிகுடாவில், இன்றைய கிராண்ட் போர்ட். பிரெஞ்சுக்காரர்களுக்கும் அங்கே ஒரு துறைமுகம் இருந்தது. ஆனால் 1735-இல் பிரெஞ்சு ஆளுநர் லா பூர்தொனே வந்தபின் தலைநகராக வளர்ந்தது வடமேற்கிலுள்ள போர்ட் லூயி. அங்கே காற்று கப்பலைக் கடலை நோக்கித் தள்ளும், மோகா மலைத்தொடர் பின்னால் நின்று காற்றை மறிக்கும். காற்று ஒரு நகரத்தின் இடத்தையே மாற்றியதற்கு இதைவிட நல்ல உதாரணம் நமக்குத் தேவையில்லை. அந்த நகரத்தைக் கட்டப் புதுச்சேரியிலிருந்து வந்த தமிழ்க் கொத்தர்கள் குடியிருந்த இடம்தான் காம் தே மலபார்.

ஆகவே வளிமுகத்தின் துறை வடமேற்கில். ஆனால் மலை மறைவுக்கு விலை உண்டு. காற்று வராத நகரம் புழுங்கும். மழையும் வராது, ஏனென்றால் தென்கிழக்குக் காற்று சுமந்து வரும் ஈரம் மலையேறும்போதே கொட்டிவிடும். இங்கே மிக உயர்ந்த சிகரம் 828 மீட்டர்தான், அதற்கே இவ்வளவு வித்தியாசம். துறைமுக நகரத்துக்குத் தண்ணீர் கால்வாயில் வர வேண்டும். போர்ட் லூயிக்கும் லா பூர்தொனே கிராண்ட் ரிவரிலிருந்து கால்வாய் வெட்டித்தான் கொண்டுவந்தார். உங்கள் வரைபடத்தில் கால்வாய் இல்லை.

ஜூலை 7, காலை. கியூர்ப்பிப்

இனி தெரு.

காற்றோடு நேர்கோட்டில் போட்ட தெரு வாய்க்கால் ஆகிவிடும். திறந்த வெளியில் 10 மீட்டர் உயரத்தில் 9 மீட்டர் வேகம் என்றால் ஆள் தலையுயரத்தில் ஏறத்தாழ 7 இருக்கும். அது தரையிலுள்ள தூசியையும் காகிதத்தையும் கிளப்பப் போதுமான வேகம். இரண்டு பக்கமும் தொடர்ச்சியான சுவர் நின்றால் அந்தத் தணிவுகூடக் கிடைக்காது. மூலைவீட்டருகில் இன்னும் கூடும், அங்கே கடை போட்டால் நாள் முழுக்கச் சாமானைப் பிடித்துக்கொண்டே நிற்க வேண்டியதுதான்.

காற்றுக்குச் செங்குத்தாகத் தெருவைப் போட்டால் நேர்மாறான தொல்லை. தெருவின் அகலம் வீட்டு உயரத்தில் ஒன்றரை மடங்குக்குள் இருந்தால் காற்று கூரைகளின் மேலாகவே வழுக்கிக்கொண்டு போய்விடும். 6 மீட்டர் உயர வீடுகளுக்கு நடுவே 9 மீட்டருக்குக் குறைந்த தெருவில் புகையும் சாணநாற்றமும் அப்படியே சுற்றிக்கொண்டிருக்கும். 20 மீட்டருக்கு மேல் அகலப்படுத்தினால் காற்று உள்ளே இறங்கிவிடும்.

பெருந்தெருக்களைக் காற்றின் திசைக்கு 20 முதல் 30 பாகை சாய்த்துப் போடுவதுதான் வழி. காற்று ஒரு பக்கச் சுவரில் உரசி வேகமிழந்து போகும், வீட்டுக்குள்ளும் கொஞ்சம் நுழையும். குறுக்குத்தெருக்கள் ஒன்றுக்கொன்று நேராகச் சந்திக்க வேண்டாம். ஒவ்வொரு சந்திப்பிலும் எதிர்த்தெருவை ஒரு வீட்டகலம் தள்ளி வையுங்கள். வண்டி ஓட்டுபவருக்குக் கஷ்டம்தான், ஆனால் காற்று ஓடிச் சேர்க்கும் தூரம் அறுபடும்.

ஜூலை 7, மதியம். சென் பியேர், ரெயூனியன்

பெயர் விஷயத்தை யாரும் தொடவில்லையே. வாடை என்றால் வடக்குக் காற்று, குளிர். தமிழ்நாட்டுக்குச் சரி. நம் தீவுகளில் வடக்கேதான் நிலநடுக்கோடு இருக்கிறது. வடக்குக் காற்று வெக்கையும் ஈரமுமாக வரும். ஜூலையில் நடுக்கம் கொடுப்பது தெற்கிலிருந்து வருவது. வளிமுகத்தில் ஒரு பாட்டி “தென்றல் வருது, கம்பளியை எடு” என்றுதான் சொல்லியாக வேண்டும். பெயரை மாற்றுவதா, பொருளை மாற்றுவதா?

ஜூலை 7, மாலை. கியூர்ப்பிப்

அக்கா, பொருளை மாற்றுங்கள், பெயரை வைத்துக்கொள்ளுங்கள். கடல் தாண்டிப் போன மொழியில் சொல் அப்படித்தான் திரும்பும். முதல் தலைமுறை வாடை என்றால் திசை என்று நினைத்திருக்கும், மூன்றாம் தலைமுறைக்கு வாடை என்றால் குளிர். அதனால் தெற்குக் காற்றுக்கு வாடை என்று பெயர் விழும். தென்றல் என்ற சொல் சுகத்தைக் குறிப்பது, அது மாலையில் மலைமறைவில் கிடைக்கும் மெல்லிய காற்றுக்குப் போகும், எந்தத் திசையானாலும். கொண்டல் கிழக்கு என்பதால் அன்றாடத் தென்கிழக்குக்குப் பொருந்தும், மழை கொண்டுவருவதும் அதுதானே. மீனவர்கள் மேற்குக்குச் சொல்லும் கச்சானும் இருக்கிறது.

வடக்குக்கு மட்டும் தனிப் பெயர் வேண்டும். அது ஏன் என்று நாளைக்கு எழுதுகிறேன். இந்த நகரத்தின் முழு வடிவமும் அந்தப் பெயரில்தான் இருக்கிறது.

ஜூலை 8, காலை. கியூர்ப்பிப்

அன்றாடக் காற்று ஒரு நகரத்துக்குப் பழக்கத்தைத்தான் கொடுக்கும். வடிவத்தைக் கொடுப்பது எப்போதோ வரும் காற்று.

கணக்கு இதோ. காற்றின் அழுத்தம், சதுர மீட்டருக்கு நியூட்டனில், வேகத்தின் வர்க்கத்தை 0.613-ஆல் பெருக்கினால் வரும். நொடிக்கு 9 மீட்டர் என்றால் சதுர மீட்டருக்கு 5 கிலோ எடை. மணிக்கு 120 கி.மீ. வீச்சு, அதாவது இங்கே சூறாவளிக்கான உச்ச எச்சரிக்கையான நான்காம் எச்சரிக்கைக்கு அளவுகோலாக வைத்திருக்கும் வேகம், 70 கிலோ. மணிக்கு 250 கி.மீ. என்றால் 300 கிலோ. வேகம் இரட்டித்தால் விசை நான்கு மடங்கு. உங்கள் மீன் வீடுகள் 5 கிலோவுக்குச் செதுக்கப்பட்டவை.

சூறாவளி இங்கே கடிகார முள்ளின் திசையில் சுழலும். காற்றுக்கு முதுகு காட்டி நின்றால் மையம் வலது கைப்பக்கம் இருக்கும். பெரும்பாலும் வடகிழக்கிலிருந்து நெருங்கும், அப்போது வீசுவது வழக்கமான தென்கிழக்குதான், வேகம் மட்டும் கூடும். நகரத்தார் “நம் காற்றுதானே” என்று இருப்பார்கள். மையம் வடக்காகச் சுற்றி மேற்கே போனால் காற்று கிழக்கு, வடகிழக்கு, வடக்கு என்று திரும்பும். கிழக்காகக் கடந்தால் தெற்கு, தென்மேற்கு. மையம் நேராக நகரத்தின் மேல் வந்தால் முதலில் தென்கிழக்கு, பிறகு சூறாவளியின் நடுவிலுள்ள கண், அமைதி, சில சமயம் நட்சத்திரம்கூடத் தெரியும். பிறகு வடமேற்கிலிருந்து, முன்னறிவிப்பே இல்லாமல், அதே பலத்தோடு.

1960 பிப்ரவரியில் கரோல் சூறாவளி அப்படித்தான் இந்தத் தீவின் மேல் வந்தது. மரமும் ஓலையும் தகரமுமாக இருந்த ஊர்கள் கான்கிரீட் தட்டைக்கூரைக்கு மாறியது அதன் பிறகுதான்.

வளிமுகத்தில் வடமேற்கு, நாம் துறைமுகத்தைக் கொண்டுபோய் வைத்த பக்கம். மீனின் வால் பக்கம். தாழ்ப்பாள் போடாத சமையலறைக் கதவு இருக்கும் பக்கம். 60 வருடம் காற்றே தொடாத சுவர்.

அந்தக் காற்றுக்குத்தான் பெயர் வேண்டும். ‘மறுகாற்று’ என்று வையுங்கள்.

ஜூலை 8, மதியம். மாஹேபூர்

ஒன்று கேட்கலாமா? காற்று அடிக்காத பக்கத்து ஜன்னல் ஒன்றைத் திறந்து வைத்தால் உள்ளழுத்தம் வெளியேறிக் கூரை பிழைக்கும் என்று பெரியவர்கள் சொல்வார்களே. வளிமுகத்தின் சட்டமாக அதை வைக்கலாம் இல்லையா?

ஜூலை 8, மாலை. கியூர்ப்பிப்

வேண்டாம் அண்ணே. காற்றடிக்கும் பக்கத்தில் ஏதாவது உடைந்தால் வீடு ஊதிய பை ஆகிவிடும், கூரையை வெளியே சுழலும் காற்று மேலே இழுக்க, உள்ளே புகுந்தது மேலே தள்ள, இரண்டும் சேரும். அதுவரை பெரியவர்கள் சொன்னது சரி. மறைவுப் பக்க ஜன்னலைத் திறப்பது ஓரளவு உதவலாம், மறுகாற்று வரும் வரைதான். கண் கடந்ததும் அதே ஜன்னல் முதல் அடியை வாங்கும் வாய். இருட்டில், குழந்தைகளை வைத்துக்கொண்டு, நேரம் தெரியாமல், அதை மூட ஒருவர் கையை நீட்ட வேண்டும். நான்கு பக்கமும் இறுக மூடுவதுதான் நியாயமான சட்டம்.

பலகைக் கதவு, நாம் வோலே என்று சொல்வது, அதைப் பற்றியும் இதோடு. 1 மீட்டர் அகலம், 1.2 உயரம் என்றால் 250 கி.மீ. காற்றில் அதன் மேல் ஏறும் சுமை ஏறத்தாழ 360 கிலோ. காற்றடிக்கும் பக்கத்தில் அது உள்நோக்கி அழுத்தும், அதற்கு உள்ளே குறுக்குக்கட்டை, இரு முனையும் கல்நிலையில் குடைந்த குழியில் குறைந்தது நான்கு விரல் ஆழம் உட்கார வேண்டும். மறைவுப் பக்கத்தில் வெளியே உறிஞ்சும், அங்கே குறுக்குக்கட்டை சும்மா நிற்கும், கொக்கியும் கொண்டியும்தான் பிடிக்கும். எந்தப் பக்கம் எது என்று நகரம் முன்கூட்டி அறியாது. ஆகவே ஒவ்வொரு கதவுக்கும் கட்டையும் வேண்டும், கொக்கியும் வேண்டும்.

ஜூலை 9. கியூர்ப்பிப்

கூரை. நாற்புறமும் சரிந்தது, 30 பாகை அளவு. இருபுறம் மட்டும் சரிந்து முக்கோணச் சுவர் நிற்கும் கூரைக்கு அந்த முக்கோணம்தான் முதலில் போகும். சரிவு குறைந்தால் உறிஞ்சல் கூடும். இறவாரம் சுவரைத் தாண்டி 45 சென்டிமீட்டருக்குமேல் நீள வேண்டாம், நீண்டால் அடியிலிருந்து காற்று அதைப் பிடித்துத் தூக்கும்.

வராங்க், அதாவது முன்தாழ்வாரம், இல்லாமல் இந்தத் தீவுகளில் வீடு வீடாகாது, திண்ணை இல்லாமல் தமிழ் வீடும் ஆகாது. அதனால் வராங்க் இருக்கட்டும், அதன் கூரையை மட்டும் தாய்க்கூரையோடு ஒரே கைமரத்தில் ஓட்டாதீர்கள். தனிச் சட்டம், தனிக் கால்கள். போனால் அது மட்டும் போகும்.

ஆணியை மரநாரின் போக்கில் இழுத்தால் உருவிக்கொண்டு வரும். கூரை ஒரே அடியில் பறப்பது குறைவு, நூறு முறை ஆடி ஆடி ஆணி தளர்ந்த பின்தான் பறக்கிறது. கைமரத்தைச் சுவர்மேல் உத்திரத்தோடு இரும்புப் பட்டையால் சுற்றிக் கட்டி, உத்திரத்தைக் கல்லுக்குள் ஒரு முழம் இறங்கும் கம்பியால் பிடித்து, அந்தக் கம்பியின் அடியில் குறுக்குத்தகடு வைக்க வேண்டும். தகடு, வரிச்சட்டம், கைமரம், உத்திரம், சுவர், அஸ்திவாரம்: இந்தச் சங்கிலியில் எது மெலிந்ததோ அதுவே கூரையின் பலம். தென்கிழக்குக் கரையில் உப்புக்காற்று ஆணித்தலையை அரித்துவிடும், அங்கே மரமுளையும் பித்தளையும்.

கல்பலகைக் கூரை போடலாம் என்றால்: கருங்கல் கனமீட்டருக்கு ஏறத்தாழ 2,900 கிலோ. 10 சென்டிமீட்டர் தடிமன் என்றால் சதுர மீட்டருக்கு 290. மறுகாற்றின் 300 கிலோவுக்கு அது போதாது.

ஜூலை 9, இரவு. கியூர்ப்பிப்

மேலே கடைசியில் எழுதியதை ஒத்துக்கொள்ள முடியவில்லை, திருத்துகிறேன். 300 கிலோ என்பது காற்றின் அழுத்தம். கூரை முழுவதையும் அது அப்படியே தூக்காது. நடுப்பரப்பில் உறிஞ்சல் அதைவிடக் குறைவு, விளிம்பிலும் மூலையிலும்தான் அதற்குச் சமமாகவும் அதைத் தாண்டி இரண்டு மடங்கு வரையும் போகும். எனவே நடுவில் 10 சென்டிமீட்டர் பலகை தன் எடையாலேயே உட்கார்ந்திருக்கும். மூலைப் பலகைகளைத்தான் இரும்புக் கவ்விகளால் பக்கத்துப் பலகையோடு கோக்க வேண்டும், கவ்வியைச் சுற்றி ஈயம் உருக்கி ஊற்றிவிட்டால் துருப்பிடிக்காது. கூரைவிளிம்பில் இடுப்பு உயரக் கைப்பிடிச்சுவர் கட்டினால் மூலை உறிஞ்சல் தணியும். அதில் தண்ணீர் வெளியேற ஓட்டைகள் தாராளமாக வேண்டும், இல்லாவிட்டால் சூறாவளி மழையில் கூரையே குளம்.

ஜூலை 11. பாம்பிளேமூஸ்

மீனை விட்டுவிடுகிறேன். சதுரமா, வட்டமா? காற்றாலைகளை எங்கே வைப்பது? தென்கிழக்குச் சுவர் ஓரமாக 40 ஆலை வரைந்திருந்தேன், எல்லாம் ஒரே திசையைப் பார்த்து.

ஜூலை 11, இரவு. கியூர்ப்பிப்

வட்டமோ எண்கோணமோ. பாலைவனத்தில் காற்று செதுக்கும் பாறைமேடுகள் மூன்று நான்கு மடங்கு நீண்டு, மழுங்கிய முனை காற்றைப் பார்க்கும். ஒரே திசைக்காற்றுக்கு அந்த வடிவம் சரி. பக்கவாட்டில் அடித்தால் அதே நீளம் பாய் மாதிரி விரிந்து நிற்கும்.

ஆலைகள் பற்றி. 10 மீட்டர் விட்டமுள்ள பாய்ச்சக்கரம், 9 மீட்டர் காற்று: கடந்து போகும் சக்தி 34 கிலோவாட். துணிப்பாயும் மரப்பற்சக்கரமும் அதில் 15 சதவீதம் எடுத்தாலே நல்லது, 5 கிலோவாட், ஏழு குதிரைசக்தி. ஒரு கரும்பு உருளைக்கோ இரண்டு திரிகைக்கோ போதும். காற்று பாதியானால் எட்டில் ஒரு பங்குதான். அதனால் ஆலைக்காரர்கள் மலைத்தோளுக்குச் சண்டை போடுவார்கள், நகர மன்றத்தில் அந்த வழக்குகளே அதிகம் இருக்கும். ஆலைக்குப் பின்னால் ஆலை வைத்தால் பின்னது பட்டினி, இடையே சக்கர விட்டத்தைப் போல் ஏழெட்டு மடங்கு விடுங்கள்.

தலை திரும்பாத ஆலை கட்டுவது மலிவு. தென்கிழக்கையே பார்த்து நிற்கும். ஆனால் காற்றாலை முன்னாலிருந்து வரும் தள்ளலைத் தாங்குவதற்காகத்தான் அச்சைப் பின்தாங்கியில் ஊன்றியிருக்கும். பின்னாலிருந்து அடித்தால் பிடிக்க ஒன்றுமில்லை, சக்கரமும் தொப்பியும் முன்னே பிடுங்கிக்கொண்டு விழும். ஆகவே தொப்பி திரும்ப வேண்டும், வால்கட்டையோடு. இரண்டாம் எச்சரிக்கையிலேயே பாய்த்துணி கழற்றி, கைகளைப் பெருக்கல் குறியாக நிறுத்திக் கட்டிவிட வேண்டும். 40 வேண்டாம், 9 போதும்.

ஜூலை 13. சென் பியேர், ரெயூனியன்

எச்சரிக்கை என்கிறீர்கள். வானொலி இல்லாத ஊரில் எச்சரிப்பது எது? கம்பி பாடுமே, அதை வைக்கலாமா?

ஜூலை 13, இரவு. கியூர்ப்பிப்

பாடும், அதற்குக் கணக்கும் உண்டு. கம்பியின் பின்னால் சுழல்கள் மாறி மாறி உரியும், நொடிக்கு எத்தனை என்றால் வேகத்தைக் கம்பியின் தடிமனால் வகுத்து 0.2-ஆல் பெருக்குங்கள். 1 சென்டிமீட்டர் தடிமன், 9 மீட்டர் காற்று: நொடிக்கு 180 அதிர்வு. 18 மீட்டருக்கு 360. 36 மீட்டருக்கு, அதாவது மணிக்கு 130 கி.மீ.க்கு, 720. ஒவ்வொரு முறையும் சரியாக ஒரு ஸ்தாயி ஏறுகிறது. வளிமுகத்தில் பிறந்த குழந்தைக்கு அன்றாடக் காற்றே சட்ஜம். மேல் ஸ்தாயி சட்ஜம் கேட்டால் பள்ளி விடலாம். அதற்கும் மேல் கேட்டால் எல்லாரும் ஏற்கெனவே உள்ளே இருக்க வேண்டும். கம்பியை முறுக்கிக் கட்டுவதால் சுருதி மாறாது, சுருதி காற்றுடையது. ஆனால் கம்பியின் சொந்த அதிர்வோடு ஒத்துப்போகும்போதுதான் சத்தம் ஓங்கும், அதனால் நீளமான கம்பி வேண்டும், 30 மீட்டருக்குக் குறையாமல், எந்தச் சுருதிக்கும் அதில் ஒரு அதிர்வு கிடைக்கும். முறுக்குக் கயிறு சரிவராது, வழவழப்பான பித்தளை.

பாட்டு நிகழ்காலத்தைத்தான் சொல்லும், வரப்போவதைச் சொல்லாது. வரப்போவதைச் சொல்ல மூன்று விஷயம். வடக்கிலிருந்து நீண்ட இடைவெளி விட்டு வரும் பேரலை, காற்றே இல்லாத நாளில்கூட. வடகிழக்கு வானில் ஒரு புள்ளியிலிருந்து விரியும் மெல்லிய மேக இழைகள். காற்றழுத்தமானி: வெப்பமண்டலத்தில் அது காலை பத்து, இரவு பத்து மணி அளவில் ஏறி, நான்கு மணிகளில் இறங்கும், தினமும் தவறாது. அந்த ஏற்ற இறக்கம் குலைந்தாலோ, வழக்கத்தைவிட 3 மில்லிபார் தாழ்ந்தாலோ கொடி ஏற்றலாம்.

தம்பி பாம்பிளேமூஸ்காரர் என்பதால் இதையும் சொல்லிவிடுகிறேன். ராயல் ஆல்ஃபிரட் வானாய்வகம் இருந்தது உங்கள் ஊரில். 1851-இல் தொடங்கிய இத்தீவின் வானிலைச் சங்கத்தில் சார்ல்ஸ் மெல்ட்ரம் செய்த வேலை, துறைக்கு வந்த கப்பல்களின் குறிப்பேடுகளை ஒன்றாகச் சேர்த்து, ஒரே நாளில் வெவ்வேறு இடத்தில் எந்தத் திசையில் காற்று அடித்தது என்று வரைந்து, சுழலைக் கண்டது. வளிமுகத்துக்கும் அப்படி ஒரு கணக்கர் வேண்டும். நகரத்தில் அதிக மரியாதை அவருக்குத்தான் இருக்க வேண்டும்.

ஜூலை 14. மாஹேபூர்

மரம்? தென்கிழக்குக் கரையில் சவுக்குத் தோப்பு வைத்தால் எவ்வளவு தூரம் காக்கும்?

ஜூலை 14, மாலை. கியூர்ப்பிப்

சவுக்கு, அதாவது நம் ஃபிலாவோ. 10 மீட்டர் உயர வரிசை அதன் பின்னால் 50 மீட்டரில் நன்றாக மறைக்கும், 100 மீட்டரில் காற்றை ஓரளவு தணிக்கும், 200 வரை உணரலாம். வேலி பாதி ஓட்டையாக இருக்க வேண்டும். கெட்டிச் சுவர் கட்டினால் காற்று மேலே ஏறிச் சுவருக்குப் பின்னால் சுருண்டு விழும், கத்தரிச்செடி அங்கேதான் முறியும். தோப்பின் நடுவே வழி விட்டால் அந்த வழியில் காற்று பீறிடும், வழியைச் சாய்வாக வெட்டுங்கள். முதல் வரிசையில் வெலுத்தியே புதர், அது உப்பைத் தாங்கும். சவுக்கு மணலில் மேலோட்டமாக வேர்விடும், சூறாவளியில் வேரோடு சாயும், அதனால் கடைசி மரத்துக்கும் முதல் வீட்டுக்கும் இடையே மரத்தின் உயரத்தைவிடக் கூடுதலான வெற்றிடம் வேண்டும்.

ஜூலை 16. சென் பியேர், ரெயூனியன்

கோயில் எங்கே? கிழக்கு வாசல்தானே வைப்பீர்கள். தென்கிழக்குக் காற்றில் கற்பூரம் எப்படி நிற்கும்?

ஜூலை 16, இரவு. கியூர்ப்பிப்

வாசல் கிழக்கேதான், ஆனால் உள்ளே நுழைந்ததும் எதிரே ஒரு மறைப்புச் சுவர், வாசலைவிட இரு பக்கமும் ஒரு முழம் அகலமாக. பக்கவாட்டில் சுற்றிப் போக வேண்டும். இரண்டு முறை திரும்பிய காற்றுக்குத் திரியை அணைக்கும் பலம் இராது. கோபுரத்தில் ஒவ்வொரு நிலைக்கும் எதிரெதிர் சாளரம் திறந்தே இருக்கட்டும். கொடிமரத்து மணிகள் திசையைச் சொல்லும்: எட்டுத் திசைக்கு எட்டு மணி, ஒவ்வொன்றுக்கும் வேறு நாதம். மறுகாற்றின் மணி மட்டும் நாவில் துணி சுற்றி இருக்கும். கண் கடக்கும்போது அர்ச்சகர் அதை அவிழ்ப்பார்.

வாசல் கோலம் மாவில் நிற்காது, பாதி போடுவதற்குள் எதிர்வீட்டுக்குப் போய்விடும். பச்சரிசி ஊறவைத்து அரைத்து, துணியில் நனைத்து விரல்வழியே இடும் ஈரக்கோலம்தான். காய்ந்தால் கல்லில் பிடித்துக்கொள்ளும். அப்பளம் காய வைக்கப் பாயில் பரப்ப முடியாது, சல்லடைத்துணி இரண்டுக்கு நடுவே வைத்துச் சாய்வாக மாட்டுவார்கள், அரை நாளில் காய்ந்துவிடும். அடுப்பு வாய் காற்றுக்குப் பக்கவாட்டில். புகைக்குழாய் முகட்டைவிட ஒரு முழம் உயரம், மேலே தொப்பி, நான்கு பக்கமும் துளை.

ஜூலை 19. பாம்பிளேமூஸ்

திருத்திய படம் இது. துறை வடமேற்கில், தெரு 25 பாகை சாய்வு, எண்கோண வீடு, கால்வாய் ஒன்று, 9 ஆலை, 200 மீட்டர் தோப்பு. மறுகாற்று அடிக்கும்போது துறையில் நிற்கும் கப்பல்கள் என்ன ஆகும்? அதற்கு இன்னும் வழி தெரியவில்லை.

ஜூலை 20. கியூர்ப்பிப்

அழுத்தம் ஒரு மில்லிபார் குறைந்தால் கடல் 1 சென்டிமீட்டர் எழும். வழக்கமான 1,013-க்குப் பதில் மையத்தில் 950 என்றால் அறுபதுக்கும் மேலே சென்டிமீட்டர், அதோடு வடமேற்குக் காற்று தண்ணீரை உள்ளே குவிக்கும், அலை அதற்கும் மேல். அணைக்கரை இதை வைத்து உயர வேண்டும், கிடங்குகளின் தரை அதைவிட ஒரு ஆள் உயரம் மேலே.

கப்பலுக்கு இரண்டே வழி. பெரியவை முதல் எச்சரிக்கையிலேயே பாய் விரித்துக் கடலுக்குப் போய்விட வேண்டும், தென்கிழக்குக் காற்று அப்போது தள்ளிக்கொடுக்கும், இரண்டாம் எச்சரிக்கைக்குப் பிறகு முடியாது. சிறியவற்றுக்கு உள்மடு வேண்டும், போர்ட் லூயியில் த்ரூ ஃபன்ஃபரோன் இருக்கிறதே அது மாதிரி, துறைக்குள் ஒரு துறை. அதன் வாய் வடமேற்கைப் பார்க்கக் கூடாது. தென்மேற்கைப் பார்க்கட்டும், வாயின் முன்னால் ஒரு கைபோல் அணை வளைந்து வரட்டும். மடுவுக்குள் நான்கு பக்கமும் கருங்கல் கட்டுத்தறிகள். ஒவ்வொரு படகுக்கும் நான்கு கயிறு, தென்கிழக்குப் பக்கத்து இரண்டு இறுக்கமாக, வடமேற்குப் பக்கத்து இரண்டில் தண்ணீர் எழுவதற்கு ஏற்பத் தளர்வு விட்டு. கண் வந்து அமைதி விழுந்ததும் படகுக்காரர் கரையிலிருந்தபடியே அந்த இறுக்கத்தையும் தளர்வையும் மாற்றிக்கட்ட வேண்டும். அதற்காக நான்கு பக்கத்துக் கயிறுகளும் கப்பி வழியே ஒரே சுவரோரமாக, கையெட்டும் தூரத்துக்கு வந்து சேரட்டும். கண்ணின் அளவு முன்கூட்டித் தெரியாது, அதனால் ஒரு படகுக்குக் கால் மணிக்கு மேல் எடுக்கும் எந்த முடிச்சும் வளிமுகத்தில் புழங்கக் கூடாது.

உள்மடுவின் இடத்தைக் கால்வாய் வந்து சேரும் முனையில் வரையுங்கள். சூறாவளி மழையில் கால்வாய் பொங்கும், அதன் வாய் மடுவுக்குள் திறக்க வேண்டாம், 100 மீட்டர் கிழக்கே தள்ளி வெளித்துறையில் விடுங்கள்.